கொலிஜ் ஹொக்கி கேட்போர் சங்கம், மொன்ட்ரியால்-நோர்

ஆயிரத்துத் தொளாயிரத்து எண்பத்தாறாம் ஆண்டுக் குளிர்காலத்தில், மொன்ட்ரியால் மாநகரில் அகதிக் கோரிக்கை போட்டுவிட்டுக் காத்திருந்த தமிழ் மக்களுக்கு ஒரு பேருண்மை வெளிப்பட்டது. அதாவது, குடிவரவு விசாரணையில் வெல்ல வேண்டுமானால் தன் உயிருக்கு என்ன ஆபத்து என்று ஒருவர் விளக்கிக்கொண்டிருக்கத் தேவையில்லை. றேடியோவில் கொலிஜ் ஐஸ் ஹொக்கி கேட்கிறேன் என்று சொன்னால் போதும்.

இதைக் கண்டுபிடித்தவன் வின்சன்ட் என்ற திருகோணமலைப் பெடியன். மற்ற ஆக்கள் பாதி நாள் உள்ளே இருந்து வெளிறிப்போன முகத்தோடு வெளியே வர, இவன் மட்டும் போன கையோடு சிரித்துக்கொண்டு திரும்பி வந்தான். கொஞ்ச நாளில் அகதியாக ஏற்றுக்கொண்ட கடுதாசியும் வந்துவிட்டது. என்னடாப்பா கேட்டவங்கள் என்று எல்லாரும் அவனைச் சுற்றி வளைத்தார்கள். ஓய்வு நேரத்தில் என்ன செய்கிறாய் என்று கேட்டான், கொலிஜ் ஹொக்கி கேட்கிறேன் என்றேன், அதிகாரி பேனையை மூடிவிட்டான் என்றான் வின்சன்ட். அது அதிகாரியின் மத்தியானச் சாப்பாட்டு நேரம் என்பதை அவன் சொல்லவில்லை. ஆரும் கேட்கவுமில்லை.

அந்த நேரம் பார்த்துத்தான் அருமைராசாவுக்கும் விசாரணைக்கு நாள் குறித்திருந்தார்கள். அருமைராசா மன்னார்ப் பக்கத்து ஆள், மீன்பிடித் தொழில். வீடும் எரிந்து வள்ளமும் எரிந்த பிறகு, மனைவி இமெல்டாவையும் மகளையும் கொழும்பில் கொட்டாஞ்சேனையில் ஒரு சொந்தக்காரர் வீட்டில் இருத்திவிட்டு வந்தவன். கடுதாசி கிடைத்தால்தான் அவர்களைக் கூப்பிடலாம். கிடைக்காவிட்டால் என்ன நடக்கும் என்று நினைக்கவே அவனுக்குப் பயம். அவனிடம் ஒரேயொரு திட்டம்தான் இருந்தது. நடந்ததை நடந்தபடி சொல்வது.

இதைக் கேட்டு, பிறகு சங்கத்துக்குத் தலைவரான கதிர்காமத்தம்பி மிகவும் இரக்கப்பட்டார். தலைவர் மட்டக்களப்புக் கச்சேரியில், அரசாங்கக் கந்தோரில், கடிதம் எழுதும் பிரதம இலிகிதராக இருந்தவர். ஊரிலிருந்து வரும்போது உடுப்புப் பெட்டி தொலைந்துபோனாலும் கச்சேரித் தமிழ் பத்திரமாகக் கூடவே வந்துவிட்டது. "மேற்படி உண்மையானது தங்களது கோரிக்கைக்கு எவ்விதத்திலும் வலுச் சேர்க்கமாட்டாது என்பதை வருத்தத்துடன் தெரிவித்துக்கொள்கிறேன்" என்றார், அருமைராசாவின் தோளில் கை வைத்து.

அடுத்த ஞாயிறே சங்கம் தொடங்கியாயிற்று. நகரின் வடக்கில் மொன்ட்ரியால்-நோர் பகுதியில் அருமைராசாவும் இன்னும் பல பேரும் நெருக்கியடித்துக்கொண்டு இருந்த நிலக்கீழ் வீடுதான் தலைமையகம். இந்த நகரத்தில் பெரிய ஹொக்கி ரீம் ஒன்று இருக்கும்போது கொலிஜ் ரீம் எதற்கு என்று ஒருவர் விவரமில்லாமல் கேட்டார். பெரிய ரீமின் பெயரை விமானத்தால் இறங்கின அன்றே டக்சிக்காரன் சொல்லிவிடுவான் என்று தலைவர் விளக்கினார். கொலிஜ் ரீமைத் தெரிந்தவன்தான் இந்த மண்ணில் வேர் விட்டவன். அதோடு, கொலிஜ் என்ற சொல்லைக் கேட்டாலே எங்கட சனத்துக்கு உடம்பு சிலிர்க்குமே. ஆளை ஆள் கண்டால் சுகமோ என்று கேட்க முதல் எந்தக் கொலிஜ் என்று கேட்கிற இனமல்லவா. தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது.

கேட்பதென்று தீர்மானித்தாயிற்று. ஆனால் கேட்பது எப்படி? கொலிஜ் மாணவர்களே நடத்தின குட்டி வானொலி அது, அவர்களுடைய கூரையைத் தாண்டி வருவதே பெரும்பாடு. றேடியோவைக் குளிர்சாதனப் பெட்டிக்கு மேலே வைத்துப் பார்த்தார்கள். குளியல் தொட்டிக்குள் வைத்துப் பார்த்தார்கள். சுடுதண்ணீர்க் குழாயில் கம்பி சுற்றிப் பார்த்ததில் மேல்வீட்டுக்காரி இறங்கி வந்து ஏசிவிட்டுப் போனாள். கடைசியில் சேட்டுக் கொழுவுகிற கம்பி ஒன்றை நீட்டி றேடியோவில் கட்டி, ஆள் ஆளாகப் பிடித்துப் பார்த்தார்கள். ஆர் பிடித்தும் இரைச்சல்தான். அருமைராசா பிடித்தான், கணீரென்று குரல் கேட்டது.

அவன் கதிரையில் ஏறி நின்று, ஒரு கையில் கம்பியும் மறு கையில் ஜன்னல் சட்டமுமாக, இடது காலைக் கொஞ்சம் தூக்கினால் பக்கத்தில் நின்று கதைப்பது போலக் கேட்கும். காலை இறக்கினால் போச்சு. உடனே தலைவர் ஒரு பிரேரணை கொண்டுவந்து, அருமைராசாவைச் சங்கத்தின் நிரந்தர ஏரியலாக நியமித்தார். ஆட்டம் நடக்கும்போது அவன் தும்மப்படாது, இருமப்படாது. தேத்தண்ணியை வேறு ஆட்கள் அவனுடைய வாயில் ஊற்றிவிடுவார்கள். இமெல்டா இந்தக் கோலத்தைக் கண்டால் என்ன நினைப்பாள் என்று அவனுக்குச் சில நேரம் சிரிப்பு வரும், சிரித்தாலும் இரைச்சல் வந்துவிடும் என்பதால் அடக்கிக்கொள்வான்.

குரல் வந்துவிட்டது, வந்த குரல் பிரெஞ்சில் வந்தது. சங்கத்தில் ஒருவருக்கும் பொன்ஜூர், மெர்சிக்கு மேலே ஒரு சொல் தெரியாது. அப்போதுதான் அஹுன்ட்சிக் பகுதியில் இருந்த திரேசம்மாவின் ஞாபகம் வந்தது. திரேசம்மா ஒரு கார்தறியில், அதாவது வேலைக்குப் போகிற தாய்மார் பிள்ளைகளை விட்டுவிட்டுப் போகும் இடத்தில், குழந்தைகளைப் பார்க்கும் வேலை செய்கிறவ. அவவுக்குப் பிரெஞ்சு நல்லாகத் தெரியும், எல்லாம் நாலு வயசுப் பிள்ளைகளிடம் படித்த பிரெஞ்சு. போன் எடுத்து றிசீவரை றேடியோவுக்குப் பக்கத்தில் வைத்தால், அவ அங்கிருந்து கேட்டுத் தமிழில் சொல்லுவா. எல்லாரும் மூச்சை அடக்கிக்கொண்டு கேட்டார்கள்.

"ஒருத்தன் மற்றவனைத் தள்ளிப்போட்டான். தள்ளினவனைக் கொண்டுபோய் மூலையிலை இருத்தியாச்சு. அவன் நான் தள்ளேல்லை எண்டு கத்துறான், ஒருத்தரும் கேக்கிறமாதிரித் தெரியேல்லை. இப்ப எல்லாருமாச் சேந்து ஒரு வட்டச் சாமானுக்கு அடிபடுகினம். ஒண்டும் பங்குபோடுற பிள்ளையள் இல்லை" என்றா திரேசம்மா.

ஐஸ் ஹொக்கி என்பது இதுதான் என்று சங்கம் குறித்துக்கொண்டது. உள்ளபடி பார்த்தால் அதில் பெரிய பிழையும் இல்லை.

மாசி மாதமளவில் மொன்ட்ரியால் தமிழரின் வாழ்வில் புது நாகரிகம் பிறந்துவிட்டது. கலியாண வீட்டில் ஹொக்கிக் கதை, செத்தவீட்டு அந்தியேட்டியில் ஹொக்கிக் கதை, ஞாயிறுப் பூசை முடிந்து கோயில் படியில் நின்றாலும் ஹொக்கிக் கதை. உபதலைவர் பதவி தரவில்லை என்று கோபித்துக்கொண்டு பேரின்பநாயகம் என்பவர் ஆற்றுக்கு அக்கரையில் லொங்குய்யில் வேறொரு சங்கம் தொடங்கினார். ரீமும் வேறு. இரண்டு கொலிஜின் பெயரும் வாயில் நுழையாதபடியால் முதற் சங்கத்தினுடையதை மலையடிக் கொலிஜ் என்றும் லொங்குய்க்காரருடையதை ஆத்தங்கரைக் கொலிஜ் என்றும் சொன்னார்கள். ஒரு மாதத்தில் இரண்டு பகுதியும் பழைய மாணவர் சங்கங்களாக மாறின. கழுத்துப்பட்டி அடித்தார்கள், இராப்போசனம் வைத்தார்கள், அந்தக் கொலிஜ்களின் வாசற்படியை மிதித்தவர் ஒருவருமில்லை. பொம்பிளை பகுதி ஆத்தங்கரை என்று தெரியவந்ததால் பாலாம்பிகை என்ற பிள்ளைக்குப் பேசி முற்றாக்கின கலியாணமே குழம்பிப் போயிற்று.

லொங்குய்க்காரருக்கு ஏரியல் கிடைக்கவில்லை, அதற்கு ஈடாக அவர்கள் வோக்மன் வாங்கினார்கள். காதில் செம்மஞ்சள் பஞ்சை மாட்டிக்கொண்டு மெத்ரோவில் வருவார்கள். அந்த ரெயில் ஆற்றுக்கு அடியால் வருகிறது, அங்கே ஒரு வானொலியும் எடுபடாது. அதற்காகத் தலையாட்டுவதை நிறுத்தவா முடியும்? சிலர் இடைக்கிடை ஐயோ என்று தொடையில் தட்டியும் காட்டினார்கள். பற்றறி போடாமலே வோக்மன் மாட்டிக்கொண்டு திரிந்த ஆட்களும் உண்டு.

இப்படியாக அருமைராசாவின் விசாரணை நாளும் வந்து சேர்ந்தது. தலைவர் வாசல்வரை கூட வந்து, ஸ்கோர்களை மீண்டும் ஒருமுறை பாடம் கேட்டார். அருமைராசா எல்லாம் சரியாகச் சொன்னான். முதல்நாள்தான் இமெல்டா போனில், மகள் இப்போதெல்லாம் பட்டாசு வெடித்தாலும் கட்டிலுக்குக் கீழே போய்விடுகிறாள் என்று சொல்லியிருந்தாள். இதை வைத்துக்கொண்டு உள்ளே போய் ஹொக்கி சொல்வதா? தன் வீடு எரிந்ததைச் சொல்லக்கூட ஒருவனுக்கு வெட்கமாக இருக்க வேண்டுமா? கதவைத் திறக்கும்போது அவன் முடிவு செய்துவிட்டான். என்ன வந்தாலும் வரட்டும், நடந்ததைத்தான் சொல்லப் போகிறேன்.

அதிகாரி நல்ல மனுசர். குளிரைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னார், தண்ணீர் வேண்டுமா என்று கேட்டார். பெயர், பிறந்த இடம் எல்லாம் முடித்து, விசாரணைக் கோவையில் ஒரு பக்கத்தைப் புரட்டி, மொழிபெயர்ப்பாளர் மூலம் அடுத்த கேள்வியைக் கேட்டார்.

"நீர் எந்தக் கொலிஜ்?"

அருமைராசாவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. "ஐயா, நான் ஒரு கொலிஜும் இல்லை. என்ரை வீடு எரிஞ்சது. வள்ளம் எரிஞ்சது. பிள்ளையைத் தூக்கிக்கொண்டு காட்டுக்குள்ளை கிடந்தனாங்கள். அதைச் சொல்லத்தான் வந்தனான்" என்றான்.

அதிகாரி பேனையைக் கீழே வைத்தார். அவருடைய முகத்தில் கோபமில்லை, கவலைதான் இருந்தது. வீடு எரிந்ததென்று எல்லாரும் சொல்கிறார்களாம், காலையில் வந்தவரும் அதையே சொன்னாராம். எல்லாரும் சொல்வது எப்படி உண்மையாக இருக்கும் என்று அவர் மெதுவாகக் கேட்டார்.

"ஹொக்கியும் எல்லாரும்தானே சொல்லுகினம் ஐயா?"

"அதைச் சரிபார்க்கலாம். கொலிஜுக்குப் போன் எடுத்தால் ஸ்கோர் சொல்லுவார்கள். உம்முடைய வீட்டுக்கு நான் எங்கே போன் எடுப்பது?"

பிறகு அவர் விஷயத்தை விளக்கினார். கடந்த சில மாதங்களாக இந்த மக்களைத் திணைக்களம் நுணுக்கமாக ஆராய்ந்து வருகிறது. வந்த அத்தனை பேரும் கொலிஜ் ஹொக்கியில் உயிரை வைத்திருப்பது கண்டறியப்பட்டிருக்கிறது. ஆகவே இது இலங்கையின் வடக்குக் கிழக்கில் பரம்பரை பரம்பரையாக வரும் பண்பு என்று முடிவாகியுள்ளது. இந்தப் பண்பு இல்லாத ஒருவர், தமிழர் என்று பொய் சொல்லி உள்ளே வரப் பார்க்கும் வேற்றாளாக இருக்கக்கூடும். உம்மைத் திருப்பி அனுப்ப எனக்கு விருப்பமில்லை, ஆனால் நீர் ஒரு உதவியும் செய்கிறீர் இல்லையே என்றார்.

அருமைராசாவுக்கு நெஞ்சு பற்றியெரிந்தது. கத்த வேண்டும் போல, மேசையைப் புரட்ட வேண்டும் போல வந்தது. இமெல்டா கண்ணுக்குள் நின்றாள், கட்டிலுக்குக் கீழே மகள் பதுங்கிக் கிடந்தாள். அவன் கண்ணை மூடினான். அவனை அறியாமலே ஒரு கை மேலே போனது, இடது கால் தானாக எழும்பியது. குரல் கணீரென்று வந்தது.

போன சனிக்கிழமை மலையடிக் கொலிஜ் ஆட்டத்தை அவன் முதலிலிருந்து சொன்னான். ஆர் தள்ளினவன், ஆர் விழுந்தவன், பங்குபோடாத பிள்ளைகள் ஆர் என்று ஒன்றும் விடவில்லை. தள்ளாத பெடியனைப் பிடித்து மூலையில் இருத்தியதையும், அவன் நான் செய்யவில்லை என்று கத்தியதையும், ஒருவரும் கேட்காததையும் மட்டும் இரண்டு தரம் சொன்னான். அதிகாரி கொலிஜுக்குப் போன் எடுத்துக் கேட்டார். ஸ்கோர் சரி. போனை வைத்துவிட்டு அவர் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்தார்.

"அந்தப் பையனுக்கு நடந்தது பெரிய அநியாயம். அவன் ஒரு பிழையும் செய்யவில்லை. செய்யாத குற்றத்துக்கு ஒருவனைத் தண்டித்தால் அவன் மனம் என்ன பாடுபடும்" என்றார், மொழிபெயர்ப்பாளருக்கும் கண் கலங்கும்படியாக.

கடுதாசி வந்தது. சங்கம் கூடி அருமைராசாவுக்கு மாலை போட்டது. எமது தொன்மையான பண்பாட்டை இனங்கண்டு அங்கீகரித்த கனேடிய அரசாங்கத்துக்கு நன்றி தெரிவிக்கும் தீர்மானத்தைத் தலைவர் தழுதழுத்த குரலில் வாசித்தார். லொங்குய்ச் சங்கம் அதே தீர்மானத்தை ஆத்தங்கரையின் பெயரில் நிறைவேற்றியது. அதற்குள் ஆட்கள் சிலர் தங்கள் பிள்ளைகளுக்கு, ஹொக்கி எங்கட பூட்டன் காலத்திலேயே இருந்தது என்று சொல்லிக் கொடுக்கத் தொடங்கிவிட்டார்கள்.

அன்றைக்கே அருமைராசா கொழும்புக்குப் போன் எடுத்தான். இமெல்டா கொஞ்ச நேரம் அழுதாள், பிறகு சிரித்தாள், பிறகு மகளைக் கூப்பிட்டுச் சொன்னாள்.

"வீடு எரிஞ்சதைச் சொன்னீங்களோ?" என்று இமெல்டா அவனைக் கேட்டாள்.

"சொன்னனான்."

"நம்பிச்சினமோ?"

"கடுதாசி தந்திட்டினம்தானே" என்றான் அருமைராசா.

"எங்களையும் கனடாக்காரர் இஞ்சை கொழும்பிலை கூப்பிட்டு விசாரிப்பினமாம். நான் ஒண்டையும் மறைக்கமாட்டன். அண்டைக்கு என்ன நடந்ததோ, அதை அப்பிடியே சொல்லப்போறன். கேட்டால் கல்லும் கரையும்" என்றாள் இமெல்டா.

அருமைராசா றிசீவரை மற்றக் காதுக்கு மாற்றினான்.

"இஞ்சரும், அதை விடும். ஒரு கொப்பியும் பேனையும் எடும். எடுத்திட்டீரோ? எழுதும். ஒரு ரீமுக்கு ஆறு பேர் ஐசிலை இறங்குவினம்."