சிறுத்தை நடித்த நத்தைக் கதை

ஒரு காட்டில் பூரணவல்லி என்று ஒரு தேவாங்கு இருந்தார். நாவலாசிரியை என்பதால் மரியாதை கொடுத்துத்தான் சொல்ல வேண்டும். எழுதியது ஒரே ஒரு நாவல். 'பாறைக்கு அந்தப் பக்கம்' என்று பெயர். மருதாயி என்ற நத்தையின் கதை. பஞ்ச காலத்தில் தண்ணீர் தேடிப் பாறைக்கு அந்தப் பக்கம் போன புருஷன் திரும்பி வரவில்லை. மருதாயி தேடிக் கிளம்புகிறாள். நாவல் முழுக்க நகர்கிறாள். கடைசிப் பக்கத்தில் போய்ச் சேருகிறாள். அங்கே அவனுடைய ஓடு மட்டும் கிடக்கிறது. பக்கத்தில் உட்கார்ந்துகொள்கிறாள். மழை பெய்கிறது. அவ்வளவுதான் கதை.

இதைப் படித்து அழாத பிராணி அந்தக் காட்டில் இல்லை. மான்கள் தங்கள் பெண் குட்டிகளுக்கு மருதாயி என்று பெயர் வைத்தன. நத்தைகளை மிதித்தே பழகிய காட்டெருமைகள்கூடக் கொஞ்ச நாள் கீழே பார்த்து நடந்தன.

ஒருநாள் இளவழுதி என்ற கீரி பூரணவல்லியின் மரத்தடிக்கு வந்தான். சினிமா இயக்குநர். வந்ததும் நாவலின் கடைசிப் பக்கத்தை மனப்பாடமாகச் சொல்லி, சொல்லும்போதே அழுதான்.

"அம்மா, இதைப் படமா எடுக்கிறதுக்காகத்தான் நான் சினிமாவுக்கே வந்தேன். ஒரு கமா கூட மாத்த மாட்டேன்" என்றான்.

பூரணவல்லி உரிமையைக் கொடுத்துவிட்டார். அழுகிறவர்களை நம்பக் கூடாது என்று அவருக்கு அப்போது தெரியாது.

மழைக்காலம் போனதும் இளவழுதி கதை சொல்ல வந்தான்.

"சின்னதா ஒரு மாற்றம்மா. சிங்கராயர் கால்ஷீட் கிடைச்சிருச்சு."

சிங்கராயர் என்பது ஒரு சிறுத்தை. பெயர் சினிமாவுக்காக வைத்தது. காட்டின் உச்ச நட்சத்திரம்.

"அவருக்கு என்ன வேஷம், தம்பி?"

"மருதாயியோட புருஷன்."

"அவன் கடைசிப் பக்கத்துல வர்ற வெறும் ஓடு தம்பி."

"அதைத்தான் அவரும் கேட்டார். 'ஓட்டுக்குள்ள என் வாலே போகாதே'ன்னார். அதனால அவர் நத்தைங்க வளர்த்த சிறுத்தை. இடைவேளைக்கு முன்னாடிதான் அவருக்கே அது தெரிய வருது. மருதாயியா ஒரு புள்ளிமான் நடிக்குது. முதல் பாட்டுல முதுகுல ஓடு இருக்கும், டான்ஸ் ஆட வசதிப்படலைன்னு அப்புறம் எடுத்துட்டோம்."

"முடிவு?"

இளவழுதி தலையைக் குனிந்துகொண்டான். "சிங்கராயர் சாகக் கூடாதுன்னு தயாரிப்பாளர் சொல்லிட்டார்மா. உயிரோட எழுந்திருக்கிறார். அப்புறம் தண்ணியைப் பதுக்கி வச்சிருந்த கழுதைப்புலிகளை அடிக்கிறார்."

"கொன்னுட்டீங்களே தம்பி!" என்றார் பூரணவல்லி.

"ரொம்ப நன்றிம்மா!" என்று இளவழுதி காலில் விழுந்து ஆசி வாங்கிக்கொண்டு போனான்.

அன்று முழுவதும் பூரணவல்லி சாப்பிடவில்லை. அவர் கணவர் சடையாண்டியும் ஒரு கோடையில் தண்ணீர் தேடிப் போனவர்தான். பூரணவல்லியும் தேடிக்கொண்டு போனார். ஒரு பாறையின் மறுபக்கம் அவர் உடலைக் கண்டுபிடித்தார். அதைப் பற்றி யாரிடமும் பேசியதில்லை. அந்தக் கடைசிப் பக்கம் அவர் யோசித்து எழுதியதல்ல, பார்த்து எழுதியது. அதை ஒரு சிறுத்தையின் கால்ஷீட்டுக்காக மாற்றுவதா?

ஷூட்டிங்கை நிறுத்துவது என்று முடிவுசெய்து உடனே கிளம்பினார். தேவாங்கின் அவசரம் நமக்குத் தெரியும். அவர் போய்ச் சேர்ந்தபோது பாதிப் படம் முடிந்திருந்தது. நேராகக் கேமரா முன்னால் போய்க் கையை விரித்து நின்றார்.

"இது என் கதை இல்லை! நிறுத்துங்க!" என்று கத்தினார்.

"கட்!" என்றான் இளவழுதி. "அருமை! ரொம்ப இயல்பா இருக்கு. யார் இந்தத் துணை நடிகை?"

பக்கத்தில் வந்து பார்த்த பிறகுதான் அடையாளம் தெரிந்தது. மன்னிப்புக் கேட்டான், இளநீர் கொடுத்தான். அந்தக் காட்சியை மட்டும் படத்திலிருந்து நீக்கவில்லை. சிங்கராயருக்குப் பிடித்துப் போயிருந்தது.

படம் வெளியானது. முதல் காட்சிக்குப் பூரணவல்லியும் போனார். படம் முடிந்ததும் எழுந்து நின்று, எல்லாப் பிராணிகளுக்கும் கேட்கும்படி 'இது மோசடி' என்று சொல்வதாக இருந்தார். வாக்கியங்களைத் தயாராக வைத்திருந்தார்.

திரையில் புள்ளிமான் ஆடியது. சிறுத்தை பறந்தது. நடுவில் ஒரு தேவாங்கு கையை விரித்துக்கொண்டு வந்து நின்றது, அரங்கமே விழுந்து விழுந்து சிரித்தது. பூரணவல்லி பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தார்.

பாறைக்கு அந்தப் பக்கத்துக் காட்சி வந்தது. மருதாயி மெதுவாகச் சுற்றிக்கொண்டு வந்தாள். புழுதியில் அவன் கிடந்தான். பூரணவல்லி கண்ணை மூடிக்கொண்டார். தேவாங்கின் கண்ணை முழுதாக மூடுவது லேசான காரியமில்லை. ஓர் ஓரத்தில் தெரிந்துகொண்டே இருந்தது.

அவன் அசைந்தான். புழுதியைத் தட்டிவிட்டு எழுந்து உட்கார்ந்தான்.

"ஏன் புள்ள, இவ்வளவு தூரம் நடந்தா வந்தே?" என்றான்.

யானைகள் விசிலடித்தன. அடுத்து கழுதைப்புலிகள் வந்தன, சண்டை நடந்தது, படம் முடிந்தது. எல்லாரும் கிளம்பிவிட்டார்கள். பூரணவல்லி எழுந்திருக்கவில்லை. தயாராக வைத்திருந்த வாக்கியங்கள் ஒன்றுகூட நினைவுக்கு வரவில்லை.

மறுநாள் காட்டுப் பத்திரிகைக்கு அவர் பேட்டி கொடுத்தார். "என் நாவலைச் சிதைத்துவிட்டார்கள். இலக்கியத்துக்கு இழைத்த துரோகம் இது" என்றார். கொள்கையுள்ள எழுத்தாளர் என்று காடே பாராட்டியது. புத்தகமும் மறுபடி நன்றாக விற்றது, அட்டையில் சிறுத்தை படத்தோடு. வாங்கிப் படித்த இளம் முயல்கள், இவ்வளவு நல்ல படத்தை ஏன் இப்படி எழுதிக் கெடுத்திருக்கிறார் என்று வருத்தப்பட்டன.

பேட்டி கொடுத்த அன்று மாலை பூரணவல்லி முகத்தை இலையால் மூடிக்கொண்டு மறுபடி போய்க் கடைசி வரிசையில் உட்கார்ந்தார். அதற்கடுத்த நாளும் போனார். அவன் எழுந்து உட்கார்ந்து அந்த ஒரு வரியைச் சொன்னதும் கிளம்பிவிடுவார். சண்டைக்கு இருப்பதில்லை. கொள்கை என்று ஒன்று இருக்கிறதல்லவா?

பேட்டியைப் படித்த இளவழுதிக்குத் தூக்கம் போய்விட்டது. வெற்றிப்பட இயக்குநர், வாயில் மாலையின் பூ ஒட்டியிருக்க, மரத்தடியில் வந்து அழுதான்.

"நீங்க சொன்னது நியாயம்மா. நான் பாவி. இப்போ எனக்குன்னு ஒரு பேர் இருக்கு, யாரும் என்னைத் தடுக்க முடியாது. கடைசிக் காட்சியை வெட்டிட்டு, நாவல்ல இருக்கிற மாதிரியே திரும்ப எடுத்துச் சேர்க்கப்போறேன். வெறும் ஓடு. மழை. அவ்வளவுதான். அவரைச் சாகடிச்சுடறேன்மா!"

பூரணவல்லி கிளையிலிருந்து இறங்கினார். அந்தக் காட்டில் ஒரு தேவாங்கு அவ்வளவு வேகமாக இறங்கி யாரும் பார்த்ததில்லை.

"அவர் மேல கைய வச்சே, தொலைச்சுருவேன்" என்று சொல்லி, இளவழுதியின் மூக்கிலேயே ஓங்கி ஒரு குத்து விட்டார்.

நீதி: மூலக்கதையை மாற்றும் இயக்குநருக்குக் கிடைப்பது கண்டனம் மட்டுமே. மாற்றாமல் எடுக்க நினைத்தால் மூக்கு உடையும்.