எண்ணூர் மஞ்சள் நச்சுயிரியின் தந்தை

"அப்ப, இல்லைன்னுதான் வருதா?"

"ஆமா சார். திரும்பவும் பார்த்துட்டேன். இலைல இல்லை, தண்டுல இல்லை, வேர்லயும் இல்லை. அந்த வயல் நெல்லுக்கு வைரஸே கிடையாது."

"அப்படிச் சொல்லாதம்மா. நம்ம கருவிக்கு அது சிக்கலைன்னு சொல்லு."

உலகத்தில் இருக்கும் கிருமிகளைக் கண்டுபிடித்தவர்கள் ஏராளம். அதில் என்ன பெருமை? இருப்பதைத்தானே கண்டார்கள்! இல்லாத கிருமி ஒன்றைக் கண்டுபிடித்து, அதற்குப் பெயர் சூட்டி, பாலூட்டிச் சீராட்டி, அதன் பெயரில் குளிரூட்டப்பட்ட கட்டடமும் எழுப்பியவர் மனிதகுல வரலாற்றில் ஒருவர்தான். அந்த மாமேதை திருவொற்றியூரில் வசிக்கிறார். முனைவர் குணசேகரன். பயிர் நச்சுயிரியியல் அறிஞர். அதாவது, செடிகொடிகளுக்கு வரும் வைரஸ் நோயைப் பார்க்கும் டாக்டர். 'கடலோரப் பயிர் நச்சுயிரி உயராய்வு மையத்தின்' இயக்குநர். அவரிடம் இல்லை, இல்லை என்று அபசகுனமாகப் பேசிக்கொண்டிருந்தவர் மகிமா. சோதனைக்கூடத்துக்குப் புதிதாக வந்த இளநிலை ஆய்வாளர். இன்னும் 'பக்குவம்' போதாது.

"சார், நெல்லுல இந்த மாதிரி மஞ்சள் நோய் பரவணும்னா தத்துப்பூச்சி வந்து சாறு உறிஞ்சணும். அங்க பூச்சியே இல்லை. வலை வீசிப் பார்த்தேன். அந்த ஆலைப் புகைல எதுவும் உயிரோட இல்லை."

குணசேகரன் நாற்காலியில் சாய்ந்தார். அவர் கண்களில் ஞானம் மின்னியது.

"பார்த்தியா? பூச்சியையே கொன்னுடுச்சு. அவ்வளவு வீரியம்!"

மகிமா குறிப்பேட்டை மூடி வைத்தார். விஞ்ஞானம் ஓர் அடி முன்னேறியது.

குணசேகரன் பிறந்தது வடசென்னைக் கல்மண்டபத்தில். நெல்வயலை அவர் முதன்முதலாகப் பார்த்ததே ரயில் ஜன்னல் வழியாகத்தான். படிக்கும் காலத்தில் ஒருநாள் மின்னணு நுண்ணோக்கியில் நெல்லைத் தாக்கும் நிஜ வைரஸைப் பார்த்தார். அறுந்துபோன பாசிமணி மாலைபோல அது சிதறிக் கிடந்தது. அத்தனை அழகாக ஓர் எதிரி இருக்க முடியும் என்று அவர் நினைத்ததே இல்லை. கோடிப் பேரின் சோற்றில் கைவைக்கும் இந்தப் பொடியனை ஒழித்துவிட்டுத்தான் மறுவேலை என்று சபதம் செய்தார். அந்தச் சபதம் உண்மையானது. அதைக் கேலி செய்ய நமக்கு மனம் வரவில்லை.

சபதத்தை நிறைவேற்ற டெல்டாவுக்குப் போனார். அங்கே நிலைமை சரியில்லை. இருந்ததோ ஒரே வைரஸ். அதன்மேல் ஒரு பட்டாளமே உட்கார்ந்திருந்தது. கட்டுரை எழுதினால் இவர் பெயர் கடைசியில் வந்தது. சில சமயம் வராமலும் போனது. தனக்கென்று ஒரு வைரஸ் வேண்டும் என்ற ஏக்கம் குழந்தையில்லாதவரின் ஏக்கம்போல அவரை அரித்தது.

அப்போதுதான் எண்ணூர் பக்கம், உப்பங்கழி ஓரத்து வயல்களில் நெல் மஞ்சளானது. பக்கத்தில் ஓர் ஆலை. பெயரைச் சொன்னால் நன்கொடை நின்றுவிடும். ஆகவே 'புரவலர்' என்றே குறிப்போம். ஊர்க்காரர்கள், படிப்பறிவு இல்லாத காரணத்தால், புகைபோக்கியை அண்ணாந்து பார்த்து, பயிரைக் குனிந்து பார்த்து, இரண்டையும் முடிச்சுப் போட்டார்கள். ஆலையை மூடச் சொல்லி மனுவும் போட்டார்கள். புரவலர் மனம் பதறி, 'நடுநிலையான அறிவியல் ஆய்வு' வேண்டும் என்றார். குணசேகரன் வந்தார். இலையின் பக்கத்தில் வண்ண அட்டையை வைத்துப் பார்த்தார். அட்டையில் இருந்த நோய் மஞ்சளும் இலையின் மஞ்சளும் அச்சாகப் பொருந்தின. வைரஸ்!

புரவலருக்கு ஏற்பட்ட ஆனந்தத்தில் ஆய்வு மையம் முளைத்தது.

ஒரே ஒரு சிக்கல். நோயுள்ள செடியோடு ஒப்பிட நோயில்லாத செடி வேண்டும். அக்கம்பக்கத்தில் பச்சையாக எதுவும் இல்லை. செங்கல்பட்டிலிருந்து நாற்று வரவழைத்து மையத்தின் கண்ணாடிக் கூடத்தில் வைத்தார்கள். ஆலைப் பக்கத்து ஜன்னலைத் திறந்ததும் அவையும் மஞ்சளாயின. குணசேகரன் அன்றே அறிவித்தார்: "இது காற்றில் பரவுகிறது!" அவருடைய கண்டுபிடிப்புகளில் முழுக்க உண்மையானது இது ஒன்றுதான்.

வைரஸுக்கு மருந்து கிடையாது. நோய் கண்ட செடியை வேரோடு பிடுங்கி எரிக்க வேண்டும். இல்லாவிட்டால் மற்றதற்கும் தொற்றும். இந்தத் துறையின் வேதவாக்கு இது. அதை ஓர் எழுத்து பிசகாமல் கடைப்பிடித்தவர் கழி ஓரத்தில் துண்டு நிலம் வைத்திருந்த ராஜாத்தி. நெல்லை எரித்தார். கீரை போட்டார், எரித்தார். வாழை வைத்தார், அதையும் எரித்தார். நெல் வைரஸ் எப்படி வாழைக்கு வரும் என்று மகிமா கேட்டபோது, "முன்னேற்றம் எல்லாருக்கும் பொதும்மா" என்று குணசேகரன் விளக்கினார்.

பெயர்சூட்டு விழா நாள் வந்தது. 'எண்ணூர் மஞ்சள் நச்சுயிரி' என்று அரசாங்கப் பதிவேட்டில் ஏறிவிட்டால், மஞ்சளுக்குக் காரணம் வைரஸ்தான் என்று முடிவாகிவிடும். ஊராரின் மனு செத்துப்போகும். ஆலை பிழைக்கும், மையம் பிழைக்கும், குணசேகரன் அமரராவார். ராஜாத்தியின் நிலத்தில் மட்டும் இனி எதுவும் பிழைக்காது. பாதிக்கப்பட்டவர் வாயாலேயே ஒரு சாட்சி வேண்டுமே என்று, ராஜாத்தியை 'முன்னோடி விவசாயி' ஆக்கி மேடையேற்ற ஏற்பாடு.

மேடைப் படிக்கட்டில் குணசேகரன் அவரை மடக்கினார். பதற்றத்தில் அவருக்குப் பிறந்த ஊர்ப் பேச்சு வந்துவிட்டது.

"இந்தாம்மா, மேல போயி பொகை கிகைன்னு எதுனா பேசி பேஜார் பண்ணிடாத."

"நான் ஏன் சார் பேசறேன்? நீ இன்னா சொன்னியோ அதத்தான் சொல்லப் போறேன். ஒரு வார்த்தை கூடக் கொறைச்சா கேளு."

குணசேகரனுக்கு நெஞ்சு குளிர்ந்தது.

மேடையில் முதலில் புரவலரின் மேலாளர் சுயம்பு பேசினார். தெற்கத்திக்காரர். "இந்த மண்ணுக்கு எங்களால ஆனதைச் செஞ்சுக்கிட்டே இருக்கோம்லா, இன்னமும் செய்வோம்" என்றார். அதை யாரும் மறுக்கவில்லை. பிறகு ராஜாத்தி ஒலிபெருக்கியைப் பிடித்தார்.

"அல்லாருக்கும் வணக்கம். சாரு தங்கமானவரு. கார்ல வந்து, காலுல சேறு படாம வரப்பு மேல நின்னுகினு அட்டைய வச்சுப் பாப்பாரு. 'நோயி கீது, புடுங்கி எரிச்சுடு'ன்னுவாரு. எரிச்சேன். இன்னா போட்டாலும் எரிச்சேன்."

கைதட்டல். சுயம்பு, குணசேகரனின் தோளைத் தட்டினார்.

"எனுக்கு மனசு கேக்கல. கதிரு புடிக்கிற பயிரு சார், வுட்டுடலாமான்னேன். 'பாவம் பாக்காதம்மா. நோயி புடிச்சதை வுட்டு வச்சா ஊரையே சாய்ச்சுடும். அது யாருதா இருந்தா இன்னா, வேரோட புடுங்கணும்'ன்னாரு. எம்மாம் பெரிய வார்த்தை!"

பலத்த கைதட்டல். மகிமா மட்டும் தட்டவில்லை. குணசேகரனின் கண்கள் பனித்தன. தன் விஞ்ஞானம் எளிய மக்களைச் சென்றடைந்துவிட்டது.

"இப்ப எங்க ஊர்ல எரிக்கறதுக்கு ஒண்ணும் மிச்சம் இல்ல. ஒண்ணே ஒண்ணுதான் நின்னுகினு கீது. கழி ஓரமா, ஒசரமா, செவப்பும் வெள்ளையுமா பட்டை அடிச்சுகினு. ராவும் பகலும் மஞ்சாவா கக்கிகினு கீது. மத்ததெல்லாம் அதும்பக்கத்துல நின்னுதான் நோயில வுழுந்துச்சு."

தட்டிக்கொண்டிருந்த கைகள் பாதியில் நின்றன. சுயம்பு தோளிலிருந்து கையை எடுத்துக்கொண்டார்.

ராஜாத்தி குணசேகரன் பக்கம் திரும்பி, மரியாதையாகக் கும்பிட்டார்.

"நாங்க படிக்காதவங்க, எங்க பேச்சு எடுபடல. எம் பயிருக்கு சொன்ன மாரியே அதுக்கும் வந்து பாத்து, புடுங்கி எரிச்சுடுன்னு ஒரு வார்த்தை சொல்லு சார்."