பொந்துக்குள்ளிருந்து சொன்ன நன்றி

அன்பும் பொறுமையும் நிறைந்த ஹில்ட்ராவுட் அக்காவுக்கு, தம்பி லோதர் வணக்கத்துடன் எழுதுவது. இங்கே நானும் என் முதுகும் ஒருவாறு நலம். லூபெக்கில் நீயும் அத்தானும், அவருடைய மூட்டுவலியும் சுகம்தானே?

அக்கா, நம் நடிகை கெர்லிண்டே அம்மையாரின் ஞாபகத்தை நான் கெடுத்துவிட்டேன். பத்தொன்பது வயதில் தட்டேந்தும் வேலைக்காரியாக எங்கள் மேடையேறி, “காபி ஆறிப்போச்சுங்க” என்ற ஒரே வரிக்குக் கைதட்டல் வாங்கியவர். அதற்கப்புறம் ராணி, சூனியக்காரி, கொலைகாரி என்று அவர் ஆகாத ஆள் இல்லை. பெர்லினில் பதினோரு படம், தொலைக்காட்சியில் பதினான்கு வருடம் ஞாயிற்றுக்கிழமைத் தொடரில் போலீஸ் அதிகாரி. இறைச்சிக் கடைக்காரர் இன்றும் “இந்த வாரம் யாரைப் புடிச்சீங்க?” என்று கேட்ட பிறகுதான் தராசைத் தொடுவார். அவ்வளவு புகழுக்கும் பிறகு வருடந்தோறும் எங்கள் ஊர் மேடைக்கே வந்துவிடுவார். மேடையின் முன்விளிம்பில், பொந்துக்குள் உட்கார்ந்து, மறந்தவர்களுக்கு வசனம் எடுத்துக் கொடுப்பது முப்பத்தோரு வருடமாக என் வேலை. அவருக்கு மட்டும் ஒரு சொல்கூடக் கொடுத்ததில்லை. அவர் நடிக்கும் நாட்களில் நான் சம்பளம் வாங்கும் ரசிகன்.

அதைத்தான் புது நிர்வாகி ஸ்டூவே பிடித்துக்கொண்டார். முக்கிய நடிகைக்கே எதுவும் மறக்காதபோது பொந்து எதற்கு, சனிக்கிழமை முதல் காட்சியைப் பார்த்துவிட்டு மூடிவிடலாம் என்றார். அழுத கண்ணும் சிந்திய மூக்குமாக எல்லோரிடமும் சொன்னேன், அம்மையாரிடமும்தான். சனிக்கிழமை திரை விலகுமுன் அவர் வழக்கம்போல் வந்து, என் இடது தோளுக்கு மேலே மூன்று முறை துப்புவதுபோல் “தோய் தோய் தோய்” என்று வாழ்த்தினார். அதற்கு நன்றி சொன்னால் நாடகம் நாசம் என்பது மேடை நம்பிக்கை. கதவு திறக்கிறவனுக்குக்கூடத் தெரியும். நான் எங்கோ நினைவாக “ரொம்ப நன்றிங்கம்மா” என்று சொல்லித் தொலைத்தேன். உடுப்பறை அடெல்ஹைட் தலையில் அடித்துக்கொண்டாள்.

இரண்டாம் அங்கத்தில் அம்மையார் நின்றுபோனார். எடுத்துக் கொடுத்தேன். மறுபடி நின்றார். ஏழு முறை, அக்கா! ஒருமுறை பொந்தருகே மண்டியிட்டே காத்திருந்தார். அதையும் நடிப்பென்று எண்ணிச் சனம் கண்ணைத் துடைத்தது. முதல் வரிசையில் ஸ்டூவே வெளிறிவிட்டார். முடிந்ததும் ஓடி வந்து, “லோதர், நீங்க எங்கயும் போயிடாதீங்க” என்றார்.

என் வேலை பிழைத்தது, அவர் ஞாபகம் போனது. எல்லாம் என் வாயால். இனி அந்த மேடையைப் பார்க்க எனக்கு முகமில்லை. திங்களன்று விலகிக்கொண்டு உன்னிடம் வருகிறேன். மாடியறையைக் காலி செய்து வை. அத்தானுக்கு என் வணக்கம், உன் பேரப்பிள்ளைகள் நூறாண்டு ஞாபகசக்தியோடு வாழட்டும்.

இப்படிக்கு,
பாவி லோதர்

பி.கு.: உறையை ஒட்டுமுன் அரங்கின் உணவுக்கூடத்துக்குப் போனேன். அம்மையார் பிளம்ஸ் கேக்கைத் தின்றுகொண்டே இரண்டாம் அங்கம் முழுவதையும், தன் வசனம் மற்றவர்கள் வசனம் எல்லாவற்றையும், அடெல்ஹைடுக்கு மூச்சு விடாமல் ஒப்பித்துக்கொண்டிருந்தார். என்னைக் கண்டு கொஞ்சமும் அசரவில்லை. “முப்பத்தோரு வருஷமா உங்க மூஞ்சியப் பாத்துத்தான் நடிக்கிறேன். பொந்த மூடிட்டா யாரப் பாக்கிறது? நாலாவது தடவை ரொம்ப மெதுவாச் சொன்னீங்க. அடுத்த சனிக்கிழமை சத்தமாச் சொல்லுங்க” என்றார்.

நன்றி சொல்ல வாயைத் திறந்து, மூடிக்கொண்டேன். மாடியறை அப்படியே இருக்கட்டும்.