திறக்கிற பூட்டு

உலகமே கணினியில் முன்னோக்கி ஓடிக்கொண்டிருக்கையில், நின்ற இடத்திலேயே நின்று உலகத்தைக் காத்தவர் ஒருவர் உண்டென்றால், அவர் எங்கள் போடிநாயக்கனூர் ‘எக்ஸ்பி’ அண்ணன்தான். எக்ஸ்பி என்ற அந்தப் பழைய கணினி இயங்குதளத்தைத் தவிர வேறெதையும் அவர் விரல் தீண்டியதில்லை. அதன் திரையில் விரியும் பச்சைமலை, எங்கள் ஊருக்கு மேலே இருக்கும் போடிமெட்டில் எடுத்த படம் என்று அடித்துச் சொல்வார். பட்டிமன்ற மேடைகளில் பலரை வாயடைக்கச் செய்த நான், இந்த ஒரு வழக்கில் மட்டும் தோற்றேன்.

“அப்ப எந்த ஊரு மலைன்னு நீ சொல்லு மாப்ளே” என்று மடக்கிவிடுவார்.

சென்ற ஆண்டு, என் அக்காவின் ஏலக்காய்க் கிடங்கில், காயை நிறம் பார்த்துப் பிரிக்கும் எந்திரம் படுத்துவிட்டது. அதன் கணினிக்கு எக்ஸ்பி மட்டுமே புரியும். மறுநாள் ஏலம். பச்சையும் வெளுப்பும் கலந்தே போனால், மலைத்தோட்டக்காரர்கள் அவளை நம்பி அனுப்பிய நல்ல காயும் அடிமாட்டு விலைக்குத்தான் போகும்.

சோலியாகப் போயிருந்த பக்கத்துச் சிலமலையிலிருந்து பஸ்சில் வந்திறங்கிய அண்ணன், எந்திரத்தின் நெற்றியைத் தொட்டுப் பார்த்தார்.

“சிஸ்டம் போயிருச்சுக்கா. சிடி போடுற தட்டும் செத்துக் கெடக்கு. பென்டிரைவுல பூட்டு போட்டுத்தான் ஏத்தணும்.”

“தொறக்கத்தான்டா ஒன்னயக் கூப்ட்டேன். நீ எதுக்குப் பூட்டு போடுற?”

“இது தொறக்கிற பூட்டுக்கா.”

“அந்தக் கூத்து எந்த ஊருல?”

கணினியை எழுப்புவதற்கு ஆங்கிலத்தில் ‘பூட்’ என்று பெயர். எங்களூர் நாக்கு அதைப் பூட்டாக்கிவிட்டது. இதை விளக்க நான் தொண்டையைச் செருமியதுமே, “நீ உக்காருடா, இது மேடை இல்ல” என்றாள் அக்கா.

கொள்ளளவு மிகுந்த என் புதிய பென்டிரைவை நீட்டினேன். “இம்புட்டுப் பெருசு இதுக்குச் செமிக்காது” என்று ஒதுக்கிய அண்ணன், கழுத்தில் தாயத்தோடு தொங்கிய சின்னஞ்சிறு பென்டிரைவைக் கழற்றினார். தம் மடிக்கணினியில் எக்ஸ்பியை அதில் ஏற்றி, எந்திரத்தில் செருகினார். நீலத்திரை வந்தது.

“கோவிச்சுக்கிருச்சு.”

மறுபடி ஏற்றினார். இம்முறை கறுப்புத்திரை.

“வெரசா முடிறா, லோடு நிக்குது” என்றாள் அக்கா.

அண்ணன் எந்திரத்தின் பின்னால் போய்ப் பார்த்தார். பென்டிரைவை முன்பக்கத் துளையிலிருந்து பிடுங்கிப் பின்பக்கத் துளையில் செருகினார். “முன்வாசல் புதுசா வச்சதுக்கா. இவரு பழைய ஆளு, கொல்லப்பக்கமாத்தான் வருவாரு.”

வந்தார். வேண்டியதையெல்லாம் ஏற்றி முடித்ததும், திரையில் பச்சைமலை விரிந்தது.

“ஏ, போடிமெட்டு தெரியுதுடா” என்றாள் அக்கா. நான் இனி எந்த மேடையில் போய் வாதாடுவது?

பச்சைக்காய் ஒருபுறமும் வெளுப்பு மறுபுறமுமாகக் கொட்டியது. பொழுது சாயுமுன் லோடு ஏல மையத்துக்குக் கிளம்பியது.

பின்னொரு நாள், ஒருக்காலும் படுக்காத புதிய எந்திரம் தருவதாக விற்பனையாளர் ஒருவர் வந்தார். நானும் அவர் பக்கம் நின்று அழகாகவே பேசினேன். அக்கா வேண்டாமென்று அனுப்பிவிட்டாள்.

“படுக்கவே படுக்காதுன்னா, எக்ஸ்பி எந்தச் சோலிக்குடா நம்ம பக்கம் வருவான்?”