திரைக்கு ஒரு கும்பிடு

தலைவர் வீட்டு வாசலில் கார் நிறுத்த இடமில்லை. ஒரு காலத்தில் அவர் தும்மினால் கட்சியே எழுந்து நிற்கும். இப்போது பக்கவாதம் வந்து, பேச்சுப் போய், மாடியில் படுத்த படுக்கை. பார்க்கத்தான் யாருக்கும் அனுமதியில்லை. பிறகு எதற்குக் கூட்டம்? முனிவர் இருக்கிறாரே! பேசாதவர் மனசை அப்படியே படித்துச் சொல்வாராம். கட்டிலைச் சுற்றிக் கனத்த திரை. அதற்கு முன்னால் முனிவர் கண்ணை மூடுவார். "உனக்குத்தான் சீட்டு என்கிறார் தலைவர்" என்பார். சீட்டு கிடைத்தவர் திரையைப் பார்த்து இடுப்பொடியக் கும்பிடுவார். அடேயப்பா, ஒரு துணிக்கு இவ்வளவு மரியாதையா!

மகளுக்கு வயிறு எரிந்தது. அப்பாவுக்கு நெஞ்சில் சளி கட்டியிருந்தது. உடனே ஆஸ்பத்திரியில் சேர்க்காவிட்டால் பிழைக்கமாட்டார் என்று டாக்டர் அடித்துச் சொல்லிவிட்டார். கட்சிச் செயலாளரோ முனிவரைக் கேட்டுவிட்டு வந்தார்.

"ஆஸ்பத்திரி வேண்டாங்கறார்மா தலைவர்."

"அப்பா வாயால சொன்னாரா?"

"மனசால சொன்னார்மா."

பின்னே? தலைவர் ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டால் முனிவர் எங்கே கடை போடுவார்?

மத்தியானம் முனிவர் உண்ட மயக்கத்தில் குறட்டை விட்டார். அந்த நேரம் பார்த்து மகளும் டிரைவரும் அப்பாவைப் பின்வாசல் வழியாக ஆம்புலன்ஸில் ஏற்றினார்கள். அம்மா கூடப் போனாள். மகள் மட்டும் மாடியேறி, திரையை ஒழுங்காக இழுத்து மூடினாள்.

சாயங்காலம் கூட்டம் கூடியதும் அவளே கேட்டாள்: "சாமி, அப்பா இப்ப எப்படி இருக்காரு?"

முனிவர் கண்ணை மூடினார். "நிம்மதியாக இருக்கிறார். உன் குரலைக் கேட்டுச் சிரிக்கிறார். இந்தக் கட்டிலை விட்டு எங்கேயும் போகமாட்டேன் என்கிறார்."

செயலாளர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். மகள் திரையைச் சரக்கென்று விலக்கினாள். கட்டிலில் ஒரு தலையணை கிடந்தது.

முனிவர் லேசில் விடுவாரா? "தலைவர் சூட்சும ரூபத்தில் இங்கேதான்..."

"உடம்போட ஆஸ்பத்திரியில ஆக்சிஜன் வாங்கிட்டிருக்காரு. இப்பதான் அம்மா போன் பண்ணாங்க. மூச்சு சீராயிடுச்சாம்."

முனிவர் செருப்பைக்கூடத் தேடாமல் படியிறங்கினார்.

செயலாளருக்கு வேர்த்துக் கொட்டியது. "அப்ப நேத்து எனக்கு சீட்டு குடுத்தது யாரும்மா?"

மகளுக்குச் சிரிப்பும் வந்தது, ஆத்திரமும் வந்தது. ஆஸ்பத்திரிக்குக் கிளம்பியவள் வாசற்படியில் திரும்பினாள்.

"எங்கப்பாவுக்குப் பேச்சுப் போச்சு, வைத்தியம் பார்க்கிறோம். உங்களுக்கு யோசனையே போச்சே, அதுக்கு யாரைப் பார்க்கப் போறீங்க?"