மூன்று தலை மெஷினும் ஒரு வேட்டியும்

விஷ்ராந்த்வாடி, புனே
ஆகஸ்ட் 2003

மதிப்பிற்குரிய மாப்பிள்ளை அச்சுதன் அவர்களுக்கு, மச்சான் கோவிந்தராஜன் எழுதிக்கொள்வது. உங்கள் அக்கா வனஜா நலம். நான் உயிரோடு இருக்கிறேன். அங்கே அனைவரும் இதைவிட நன்றாக இருக்க வேண்டுகிறேன்.

நான் ஓய்வு பெற்றதற்குப் பரிசாகக் கோயமுத்தூரிலிருந்து நீங்கள் அனுப்பிய புல் வெட்டும் மெஷின் சரியான சமயத்தில்தான் வந்தது. எங்கள் காலனியின் நடுவிலுள்ள புல்தரை மழையில் இடுப்புயரம் வளர்ந்துவிட, அதைத் தோண்டி சிமென்ட் கல் பதித்துக் கார் நிறுத்துமிடம் ஆக்க வேண்டும் என்று செயலாளர் வைஷாலி ஒற்றைக் காலில் நின்றார். எனக்கோ, செருப்பில்லாமல் நடக்க இந்த ஊரில் இருக்கும் ஒரே இடம் அது. கூட்டத்தில் எழுந்து, “ஞாயிற்றுக்கிழமை நானே வெட்டிக் காட்டறேன், அப்புறம் முடிவு பண்ணுங்க” என்று இந்தியில் முழங்கிவிட்டேன்.

மெஷினோடு, அதன் கம்பு நுனியில் மாற்றி மாற்றி மாட்ட மூன்று தலைகள் வந்தன அல்லவா? சாதாரணப் புல்லுக்கு நைலான் நரம்புத் தலை, புதருக்குத்தான் இரும்பு பிளேடு, ரம்பத்தட்டைத் தொடவே வேண்டாம் என்று நீங்கள் போனில் படித்துப் படித்துச் சொன்னீர்கள். இரும்புதானே கம்பீரம் என்று சனிக்கிழமை ஒத்திகைக்கு நான் பிளேடை மாட்டினேன். புல்லுக்குள் ஒளிந்திருந்த ஒரு கல்லை அது தூக்கி அடித்ததில், காலனி அறிவிப்புத் தகரத்தில் ‘செயலாளர்’ என்ற எழுத்தின் மேல் சரியாக ஒரு பள்ளம். சரி, நரம்புக்கே மாறுவோம் என்று நட்டைக் கழற்ற உட்கார்ந்தால் அது அசையவில்லை. அந்த நட்டு மட்டும் தலைகீழாகத் திரும்பும் ஜாதி, நான் மத்தியானம் பூராவும் மாங்குமாங்கென்று இறுக்கிக்கொண்டிருந்திருக்கிறேன் என்பது பிறகுதான் புரிந்தது. நரம்பு காய்ந்தால் பட்பட்டென்று ஒடியும், தண்ணீரில் ஊறப்போட வேண்டும் என்றீர்களே, அதையும் தவறாமல் செய்தேன். ஞாயிறு காலையில் உங்கள் அக்கா அடுக்களையிலிருந்து, “ஏனுங்க, அரிசி ஊற வெச்ச குண்டாவுல சந்தவை கெடக்குது, யாருங்க புழிஞ்சது?” என்று கேட்டாள். ஊறிக் கிடந்த நரம்புச் சுருள் அவளுக்கு இடியாப்பமாகத் தெரிந்திருக்கிறது.

அம்புக்குறி காட்டிய பக்கம் சுற்ற வேண்டிய நரம்பை அவசரத்தில் எதிர்ப்பக்கம் சுற்றினேன். பார்வையை மறைக்கிறதே என்று பாதுகாப்பு மூடியையும் கழற்றி வைத்தேன். நல்ல காரியமாயிற்றே என்று வெள்ளை வேட்டியும் கட்டிக்கொண்டேன். காலனியே கூடியிருந்தது. கயிற்றை இழுத்தேன், மெஷின் உறுமியது, புல் விசிறி விசிறி விழுந்தது. மாப்பிள்ளை, அந்தச் சந்தோஷத்தை எப்படிச் சொல்வேன்! பதினாறு வயதுப் பையன் மாதிரி ஆடிக்கொண்டே வெட்டினேன். நரம்பு குட்டையானதும், தலையைத் தரையில் லேசாகத் தட்டச் சொல்லியிருந்தீர்கள். நான் ஆனந்தத்தில் ஓங்கித் தட்டினேன். மிச்ச நரம்பு மொத்தமும் ஒரே நேரத்தில் வெளியே பாய்ந்து, வேட்டி முனையைக் கவ்வியது. “அரே காகா, சாம்பாளூன்! பாத்து, பாத்து!” என்று வைஷாலி, என்னைச் சித்தப்பா முறை வைத்து, மராட்டியில் பாதியும், எங்களிடம் கற்ற தமிழில் பாதியுமாகக் கத்தினார். நான் என்னத்தைப் பார்ப்பது? முழு வேட்டியும் மெஷின் தலையில் பந்தாகச் சுருண்டு, இன்ஜின் இருமி நின்றுவிட்டது. பட்டாப்பட்டி டிராயரோடு நான் நடுப்புல்லில் நிற்கிறேன்.

பிறகு, சிரித்தே நான் பார்த்திராத வைஷாலி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்க ஆரம்பித்து, நிற்க முடியாமல் ஈரப்புல்லில் பொத்தென்று உட்கார்ந்துவிட்டார். மற்றவர்களும் அப்படியே சரிந்தார்கள். உங்கள் அக்கா ஒரு துண்டை என்மேல் எறிந்துவிட்டு எல்லோருக்கும் டீ போட்டுக் கொண்டுவந்தாள். யாரும் எழுந்திருக்கவில்லை. வைஷாலி புல்லைத் தடவிப் பார்த்து, “சிமென்ட் மேல இப்படி உக்கார முடியுமா காகா? இது இருக்கட்டும்” என்றார்.

புல்தரை பிழைத்தது, என் மானம் போயிற்று. இனி அந்த மெஷினை நான் கையாலும் தொடமாட்டேன். வரும் வாரமே நீங்கள் வந்து அதை எடுத்துப் போய்விட வேண்டும். வீட்டிலுள்ளோர் அனைவருக்கும் எங்கள் ஆசியும் அன்பும்.

இப்படிக்கு,
மச்சான் கோவிந்தராஜன்

பி.கு.: உறையை ஒட்டும்போது வெளியே உறுமல் கேட்டு எட்டிப் பார்த்தேன். உங்கள் அக்கா என் பழைய பேன்ட்டைப் போட்டுக்கொண்டு, மூடி மாட்டி, நரம்பைச் சரியாகச் சுற்றி, கோடு போட்டாற்போல் வெட்டிக்கொண்டிருக்கிறாள். “எனக்கும் கொஞ்சம் குடேன்” என்றால், “போங்க, இன்னும் ரெண்டு வரிசை இருக்குது” என்கிறாள். நீங்கள் வர வேண்டாம். முடிந்தால் இன்னொரு மெஷின் அனுப்பவும்.