பதினொரு சந்தேக நபர்கள்

“உங்க உயிருக்கு இன்னா ஆபத்து?” என்று கேட்டார் ஏட்டு.

ஜீவானந்தம் யோசித்தார். நாற்பத்தாறு வயதுவரை அவரை யாரும் இதைக் கேட்டதில்லை. சர்க்கரை இல்லை, ரத்தக்கொதிப்பு இல்லை. பங்காளித் தகராறு கிடையாது. பங்கு போட நிலமே கிடையாது.

“அப்படி ஒண்ணும் இல்லீங்க ஏட்டையா.”

“முன்விரோதம்?”

“இல்லீங்க.”

“எவனாச்சும் மெரட்டி லெட்டர் கிட்டர் போட்டானா?”

“இன்சூரன்ஸ் ஆபீஸ்லேர்ந்து போடுவாங்க. கெடு தாண்டிட்டா.”

ஏட்டு பேனாவை மூடினார். “ஆபத்தே இல்லாத ஆளுக்கு ரிவால்வர் எதுக்கு சார்? கொசு அடிக்கவா? அதுவும் இந்த ஊர்ல, இந்த வருஷத்துல வந்து கேக்கறீங்க பாருங்க!”

அதில் நியாயம் இருந்தது. கூட்டத்தில் குண்டு வெடித்த அந்த மே மாதத்துக்குப் பிறகு ஸ்ரீபெரும்புதூரில் பையோடு போகிறவனையெல்லாம் நிறுத்தித் திறந்து காட்டச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். வெல்லம் வாங்கப் போனவர்கூட வெல்லத்தைக் காட்டிவிட்டுத்தான் போக வேண்டியிருந்தது. அப்படிப்பட்ட ஊரின் காவல் நிலையத்தில் உட்கார்ந்து கைத்துப்பாக்கி வேண்டும் என்று சொல்வதற்கு ஒன்று பெரிய தைரியம் வேண்டும், அல்லது ஒரு மானேஜர் வேண்டும். ஜீவானந்தத்துக்கு இருந்தது மானேஜர்.

ஒரகடம் ரோட்டில் லாரிக்கு ஸ்பிரிங் பட்டை அடிக்கும் கம்பெனி ஒன்றில் பன்னிரண்டு வருஷமாக அவர் காஷியர். மாதா மாதம் ஏழாம் தேதி ஸ்ரீபெரும்புதூர் பேங்கில் தொழிலாளர் சம்பளத்தை எடுத்துக்கொண்டு டவுன் பஸ்ஸில் கம்பெனிக்கு வருவார். கம்பெனி ஜீப் வேண்டாம் என்று அவரே சொல்லிவிட்டார். ஜீப்பைப் பார்த்தாலே பணம் வருகிறது என்று தெரிந்துவிடும். ஒரு பச்சை உரப்பை, அடியில் பணம், மேலே நாலு வாழைத்தண்டு. இந்த ஏற்பாடு மனைவி கலைமதிக்குக்கூடத் தெரியாது. மாதா மாதம் வாழைத்தண்டுக் கூட்டு ஏன் என்று மட்டும் அவள் கேட்பாள்.

எங்கேயோ ஒரு கம்பெனியில் சம்பளப் பணத்தை வழியில் பறித்துவிட்டார்கள் என்று பேப்பரில் வந்ததும் மானேஜர் கூப்பிட்டார்.

“ஜீவானந்தம், துப்பாக்கி லைசென்ஸ் எடுங்க. செலவு கம்பெனியோடது.”

“எனக்கா சார்? நான் தீபாவளிக்குக்கூட கம்பி மத்தாப்புதான்.”

“டிசம்பர் ஏழாம் தேதி உங்க இடுப்புல ரிவால்வர் இருக்கணும். இல்லேன்னா என் மச்சினன் மெட்ராஸ்ல சும்மாத்தான் இருக்கான். காஷ் அவன் பாத்துப்பான், நீங்க ஸ்டோர்ஸுக்குப் போயிடுங்க.”

ஸ்டோர்ஸ் என்றால் கிரீஸ் டின்களுக்கு நடுவில் ஒரு முக்காலி. காஷியருக்கோ கம்பி வலை போட்ட கூண்டு, மேலே ஃபேன். பன்னிரண்டு வருஷமாக அந்தக் கூண்டுத் துவாரத்தின் வழியாக நீளும் கைகளுக்கு அவர் சம்பளம் கொடுத்துவந்தார். முகங்கள் தெரியாது, ஆனால் கையைப் பார்த்தே எந்த டிபார்ட்மென்ட் என்று சொல்லிவிடுவார். அந்தக் கூண்டை மச்சினனுக்கு விட்டுக்கொடுப்பதாக அவர் இல்லை.

ஆகவேதான் காஞ்சிபுரம் கலெக்டர் ஆபீஸில் மனுக் கொடுத்திருந்தார்; இப்போது ஏட்டிடம் உண்மையைச் சொன்னார். குரலைத் தாழ்த்தி, உரப்பையை மட்டும் மறைத்து, சம்பளப் பணம் எடுத்து வருவதைச் சொன்னார்.

“இதை மொதல்லயே சொல்றதுக்கு இன்னா? விசாரிச்சு எழுதிடறேன்.”

ஏட்டு விசாரித்தார். வல்லம் பஸ் ஸ்டாப் டீக்கடை வாசலில், ஜீவானந்தத்தைப் பக்கத்தில் நிறுத்தி வைத்து, சைக்கிளைவிட்டு இறங்காமல், ஒரு காலைத் தரையில் ஊன்றிக்கொண்டு விசாரித்தார். அவர் குரல் ஊர்வலத்தில் கூட்டம் விலக்கிப் பழகிய குரல்.

“ஏம்மா, இந்த சார் மாசா மாசம் ஏழாம் தேதி பஸ்ல பணம் எடுத்துகினு வர்றாராமே, உனுக்குத் தெரியுமா?”

கோழி விற்கும் பாஞ்சாலி நிமிர்ந்து பார்த்தாள். “வாழத்தண்டு வெச்ச பச்சப் பை தானே?”

ஜீவானந்தத்துக்குக் காது அடைத்துவிட்டது. விண்ணப்பத்தில் எங்கேயும் வாழைத்தண்டைப் பற்றி அவர் எழுதியிருக்கவில்லை. கலெக்டர் ஆபீஸில் யாரோ துப்பறிந்து வெளியே விட்டிருக்கிறார்கள் என்று முடிவு செய்தார். காஞ்சிபுரத்தில் கொடுத்த பேப்பர் வல்லத்துக் கோழிக்காரி வரை வந்துவிட்டது; அரசாங்கத்தில் வேறு எந்தப் பேப்பரும் இவ்வளவு வேகமாக நகர்ந்ததில்லை.

ஏட்டின் அறிக்கை ஒரே வரி: ‘மனுதாரர் பணம் கொண்டுவருவது உண்மை, ஆபத்து எதுவும் தெரியவரவில்லை.’ மனு திரும்பி வந்தது. ஆபத்துக்கு ஆதாரம் கேட்டிருந்தார்கள்.

ஆதாரம் அப்புறம், முதலில் பையை மாற்ற வேண்டும் என்று ஜீவானந்தம் நீல ரெக்ஸின் பை ஒன்று வாங்கினார். அடுத்த ஏழாம் தேதி பஸ் ஸ்டாண்டில் புது போலீஸ்காரர் ஒருவர் லத்தியால் அந்தப் பையைத் தொட்டார்.

“பையத் தொற.”

“இதுல... துணி.”

“துணியத்தான் பாக்கணும். தொற.”

ஜீவானந்தம் திறந்தார். போலீஸ்காரர் குனிந்து பார்த்தார். பஸ்ஸுக்கு நின்ற நாற்பது பேரும் எட்டிப் பார்த்தார்கள். கம்பெனி கடிதம், பேங்க் ரசீது, அடையாள அட்டை எல்லாம் ஒவ்வொன்றாக வெளியே வந்தன. பணம் அதுவரை வெயில் காய்ந்தது.

“மூடு சார், காத்தடிக்குது,” என்றாள் பக்கத்தில் நின்ற கீரைக்காரி செங்கமலம். “அந்தப் பழைய பைக்கு இன்னா கேடு? நீலப் பைன்னா எவனும் பாப்பான்.”

செங்கமலம் என்றாலே ஜீவானந்தத்துக்கு ஆகாது. பல வருஷமாக ஏழாம் தேதி பஸ்ஸில் அவருக்கு அடுத்த இடம் அவளுடையது. பருத்த சரீரம்; ஏறி உட்கார்ந்ததும் அவர் ஜன்னலோடு ஜன்னலாக ஒட்டிக்கொள்வார். ஈரக் கீரைக்கூடையைத் தூக்கி அவர் பைமேல் வைத்துவிட்டு அவர் தோளில் சாய்ந்து தூங்குவாள். முன் சீட்டில் பாஞ்சாலியும் அவள் சேவலும். சேவல் இறங்கும்வரை அவரையே பார்த்துக்கொண்டு வரும். சீட்டுகளுக்கு நடுவில் நடைவழியில் ஒரு மீசைக்காரர் நின்றுகொண்டு, எத்தனை இடம் காலியானாலும் உட்காராமல், வருகிறவன் போகிறவன்மேலெல்லாம் எரிந்து விழுவார். மாதத்தில் மற்ற நாட்களில் காலியாக ஓடும் அந்த பஸ் ஏழாம் தேதி மட்டும் ஏன் இப்படி நசுக்குகிறது என்று அவர் கண்டக்டர் சின்னப்பையனிடம் ஒருமுறை கேட்டிருக்கிறார்.

“சந்தை சார்,” என்றான் சின்னப்பையன்.

ஏழாம் தேதியில் எந்தச் சந்தை என்று அப்போது கேட்கத் தோன்றவில்லை. இப்போது தோன்றியது.

பரிசோதனையாக அடுத்த மாதம் பஸ்ஸை மாற்றினார். பேங்கில் பணம் கட்டிக் கொடுத்த அட்டெண்டர் கண்ணப்பன், எப்போதும்போல மரியாதையாக, “எந்த பஸ்ஸு சார்?” என்று கேட்டார்.

“இன்னிக்கு ஒண்ணே கால் பஸ்.”

ஒண்ணே கால் பஸ்ஸில் ஏறினால் கீரைக்கூடை. கூடைக்குப் பின்னால் செங்கமலம்.

“இன்னா சார், லேட்டு? கீரையெல்லாம் வாடிப்போச்சு,” என்றாள், குற்றம் சாட்டும் குரலில். முன் சீட்டிலிருந்து சேவல் திரும்பிப் பார்த்தது. மீசைக்காரர் தொண்டையைச் செருமினார்.

அதற்கடுத்த மாதம், கண்ணப்பன் கேட்டதற்கு வழியைச் சொல்லிவிட்டு, சுங்குவார்சத்திரம் போய்ச் சுற்றிக்கொண்டு வந்தார். ஒரு மணி நேரம் கூடுதல், இரண்டு பஸ். இரண்டாவது பஸ்ஸில் ஏறும்போதே உள்ளே சேவல் கூவியது.

“எங்கெல்லாம் சுத்தற நீ?” என்று பாஞ்சாலி சீறினாள். “எங்களுக்கும் வூட்ல வேலை கீது.”

ஜீவானந்தத்துக்கு எல்லாம் விளங்கிவிட்டது. இது கும்பல். எந்த பஸ்ஸில் போனாலும் பின்தொடர்கிறார்கள், சுற்றி உட்கார்கிறார்கள், பையைத் தொட்டுப் பார்க்கிறார்கள். ஒரு நாள் பார்த்துக் கைவைக்கப் போகிறார்கள். பஸ்ஸிலேயே டைரியை எடுத்து எண்ணினார். பதினொரு பேர். தெரிந்த பெயர்களை எழுதினார். தெரியாததற்கு அடையாளம்: ‘மீசை’, ‘வெற்றிலைப் பல்’, ‘சேவல் (உடந்தை)’.

டைரி கலைமதி கையில் சிக்கியது.

“ஏழு பொம்பள பேரு எழுதி வெச்சிருக்கீங்க.”

“அது பஸ்ல வர்றவங்க.”

“பஸ்ல வர்றவங்க பேரெல்லாம் எழுதிவெக்கிற வயசா இது? ‘செங்கமலம், தோளில் சாய்வாள்’. நாலு தடவ எழுதியிருக்கு!”

“என் உயிருக்கு ஆபத்துடி!”

“ஆமா,” என்றாள் கலைமதி. “இப்பதான் வந்திருக்கு.”

மூன்று நாள் வீட்டில் சமையல் நடந்தது, பேச்சு நடக்கவில்லை.

ஆனால் காவல் நிலையத்தில் அந்தப் பட்டியல் வேறு மாதிரி வாசிக்கப்பட்டது. இன்ஸ்பெக்டரே உட்காரச் சொன்னார்.

“நீங்க பஸ்ஸ மாத்தினா அவங்களும் மாத்தறாங்களா?”

“மாத்தறாங்க சார்.”

“சுத்துவழில போனாலும்?”

“சேவலோட சார்.”

இன்ஸ்பெக்டர் ஏட்டைப் பார்த்தார். ஏட்டு தலையைக் குனிந்துகொண்டார். இன்ஸ்பெக்டர் அவரிடம் சொன்னார்: “திட்டம் போட்டு வேவு பாக்கறாங்க. இத்தனை மாசமா இது உமக்குத் தெரியல, ஆபத்து இல்லேன்னு எழுதியிருக்கீர். இப்ப யாரையும் கூப்பிட்டு விசாரிக்க வேணாம், உஷாராயிடுவாங்க. லைசென்ஸுக்கு மட்டும் சிபாரிசு எழுதும்.”

அந்தச் சிபாரிசு பெரிய இடங்களை எல்லாம் வேகமாகத் தாண்டியது. ‘பதினொரு சந்தேக நபர்கள்’ என்ற வரிக்குக் கீழே ஒவ்வொரு அதிகாரியும் சிவப்பு மையில் கோடு போட்டார். கலெக்டர் ஆபீஸிலிருந்து லைசென்ஸ் என்ற அந்தச் சின்னப் புத்தகம் நவம்பர் கடைசியில் வந்தது. மானேஜர் மெட்ராஸில் ஒரு எஸ்டேட்காரர் விற்ற பழைய ரிவால்வரை வாங்கிக் கொடுத்தார். வெள்ளைக்காரன் காலத்துச் சரக்கு; நல்ல கனம். கம்பெனியே கூண்டைச் சுற்றி நின்று பார்த்தது. முதல்தடவையாகத் துவாரத்தின் வழியாகக் கைகளுக்குப் பதில் முகங்கள் எட்டிப் பார்த்தன.

“சுடுமா சார்?”

“சும்மாவா குடுப்பாங்க?”

மச்சினன் மெட்ராஸிலேயே இருந்துகொள்ளட்டும் என்று மானேஜர் சொல்லிவிட்டார்.

டிசம்பர் ஏழு. ஜீவானந்தம் வயிற்றை எக்கி, உறையை பெல்ட்டில் மாட்டி, சட்டையை வெளியே விட்டுக்கொண்டு கிளம்பினார். நிற்கும்போது எடுக்க வந்தது. உட்கார்ந்தால் தொப்பை குறுக்கே வந்தது. பரவாயில்லை என்று விட்டுவிட்டார். இனி ஒளிவுமறைவு தேவையில்லை, பழைய நேரத்து பஸ்ஸே போதும். கண்ணப்பன் அன்றைக்கு எந்த பஸ் என்று கேட்கவில்லை. இடுப்பைப் பார்த்து ஒரு சல்யூட் மட்டும் வைத்தார்.

பஸ் காலியாக இருந்தது.

செங்கமலம் இல்லை. பாஞ்சாலி இல்லை, சேவல் இல்லை, மீசை இல்லை. பதினொரு பேரில் ஒருவர்கூட இல்லை. ஜீவானந்தம் இரண்டு பேர் சீட்டில் கால் நீட்டி உட்கார்ந்து பையைப் பக்கத்தில் வைத்தார். ஜன்னல் காற்று வந்தது. பன்னிரண்டு வருஷத்தில் முதல் தடவையாக அந்த ஜன்னலில் காற்றும் வரும் என்று தெரிந்தது. துப்பாக்கியின் கண்ணியம் என்பது இதுதான் என்று நினைத்துக்கொண்டார். சுடவேண்டியதே இல்லை, இருக்கிறது என்று தெரிந்தாலே கும்பல் கலைந்துவிடும்.

ஊரைத் தாண்டி வயல் ஆரம்பிக்கிற ஸ்டாப்பில் மூன்று பேர் ஏறினார்கள். அந்தப் பக்கத்து முகங்கள் இல்லை. ஒருவன் முன் படியில் நின்றான், ஒருவன் பின் படியில். மூன்றாமவன் இத்தனை காலி சீட்டையும் தாண்டி வந்து, செங்கமலம் உட்காரும் இடத்திலிருந்த நீலப் பையைப் பார்த்து, “கொஞ்சம் நவுத்துக்கறீங்களா சார்?” என்று சிரித்தான்.

ஜீவானந்தம் பையை மடிக்கு இழுத்தார். மடியில் பை வந்ததும், பைக்கு அடியில் தொப்பையும் தொப்பைக்கு அடியில் ரிவால்வரும் போய்விட்டன. டிக்கெட் கொடுக்க வந்த சின்னப்பையனிடம், குரலைச் சாதாரணமாக வைத்துக்கொள்ள முயன்றபடி கேட்டார்:

“ஏம்ப்பா, நம்ம கீரைக்காரம்மா, கோழிக்காரம்மா, அந்த மீசைக்காரரு... வழக்கமா வர்ற கூட்டமெல்லாம் இன்னிக்கு எங்கே?”

“அவங்களா சார்?” சின்னப்பையன் எச்சில் தொட்டு டிக்கெட்டைக் கிழித்தான். “உங்க கம்பெனில கீற வூட்டு ஆளுங்க சம்பளம் பத்திரமா வந்து சேரணுமேன்னு பன்னெண்டு வருஷமா உங்களச் சுத்தி ஒக்காந்துகினு வந்தாங்க, இப்பதான் சாருகிட்ட துப்பாக்கி கீதே, இனிமே நாம எதுக்குன்னு எல்லாரும் நின்னுகிட்டாங்க.”